கோர்தெலியே சதுக்கம், 1895: லூமியரின் தெருப்படம் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இது எந்தப் படம்? எவ்வளவு நீளம்?

பிரான்சின் லியோன் நகரத்தில், கோர்தெலியே சதுக்கம் என்ற இடத்தில், 1895ஆம் ஆண்டு லூயி லூமியர் எடுத்த மௌனப்படம் இது. கறுப்பு வெள்ளையில், ஏறத்தாழ 50 விநாடி ஓடும். ஒரே காட்சிதான், வெட்டு இல்லை, ஒட்டு இல்லை, கேமரா இடம் பெயர்வதும் இல்லை. லூமியர் நிறுவனத்தின் பட்டியலில் இதற்கு 128ஆம் எண் கொடுக்கப்பட்டிருக்கிறது. 1895 டிசம்பர் 28 அன்று பாரிஸில் கட்டணம் வாங்கிக்கொண்டு திரையிடப்பட்ட புகழ்பெற்ற பத்துப் படங்களில் இது ஒன்பதாவது. அந்தப் பத்தில் தொழிற்சாலையை விட்டுத் தொழிலாளர்கள் வெளியேறும் படமும், தோட்டக்காரர் மேல் குழாய்த் தண்ணீர் பீய்ச்சியடிக்கும் படமும் எல்லாருக்கும் தெரிந்தவை. சதுக்கத்தின் படத்தைப் பற்றி எழுதுபவர்கள் குறைவு. என்னைப் பொறுத்தவரை, அந்தப் பத்தில் மீண்டும் மீண்டும் பார்க்கத் தகுந்தது இதுதான்.

படத்தில் என்ன நடக்கிறது?

ஒரு நகரச் சதுக்கத்தின் சாதாரணப் பகல்பொழுது நடக்கிறது. குதிரைகள் பூட்டிய வண்டிகள் தொலைவிலிருந்து கேமராவை நோக்கி வருகின்றன, அருகே வரும்போது பெரிதாகிச் சட்டகத்தின் ஓரத்தில் மறைகின்றன. வேறு சில எதிர்த்திசையில் போய்ச் சிறிதாகின்றன. அவற்றுக்கு இடையில் ஆண்களும் பெண்களும் நடந்து கடக்கிறார்கள். பின்னணியில் கட்டடங்கள் நிற்கின்றன. கதை கிடையாது, நடிகர் கிடையாது, தொடக்கம் முடிவு என்று சொல்லத்தக்க எதுவும் கிடையாது. படச்சுருள் ஓடத் தொடங்கியபோது தெரு எப்படி இருந்ததோ, அது தீர்ந்தபோதும் ஏறக்குறைய அப்படியே இருக்கிறது.

முதல் முறை பார்ப்பவரின் கண், பெரும்பாலும், நடுவில் வரும் வண்டியைப் பிடித்துக்கொள்ளும். இரண்டாம் முறை அந்த வண்டியை விட்டுவிட்டு ஓரங்களைப் பாருங்கள். நடைபாதையில் ஒருவர் அவசரமில்லாமல் நடந்துகொண்டிருக்கும்போது ஒரு வண்டி குறுக்கே வந்து அவரை மறைக்கும். அது நகர்ந்ததும் அவர் மீண்டும் தெரிவார், ஆனால் இரண்டு மூன்று அடி தள்ளி. நாம் பார்க்காத அந்த நேரத்திலும் அவர் நடந்துகொண்டேதான் இருந்தார் என்பது உறைக்கும்போது, இந்தப் பழைய தெருவுக்கு ஓர் ஆழம் வந்துவிடுகிறது. ஓவியமோ நிலைப்படமோ இதைத் தர முடியாது. மறைவதும் வெளிப்படுவதும் அசைவுக்கே உரியவை.

உண்மையைச் சொன்னால், ஒன்றுமே நடக்காத படம்தானே? இதை ஏன் பாதுகாக்க வேண்டும்?

மிக அதிகமாகக் கேட்கப்படும் கேள்வி இது, நியாயமான கேள்வியும்கூட. பதிலுக்கு அதே இடத்தில் நடந்த வேறொரு நிகழ்ச்சியைச் சொல்கிறேன்.

இந்தச் சதுக்கத்தை ஒட்டி நிற்கும் வணிக மாளிகையில், 1894 ஜூன் 24 அன்று, பிரான்சின் குடியரசுத் தலைவர் சாடி கார்னோ ஒரு விருந்தில் கலந்துகொண்டார். விருந்து முடிந்து வண்டியில் புறப்பட்டபோது, கசேரியோ என்ற இத்தாலிய இளைஞர் அவரைக் கத்தியால் குத்தினார். கார்னோ அன்று நள்ளிரவு கடந்ததும் இறந்தார். அந்தக் கொலையைப் பற்றிச் செய்தித்தாள்கள் எழுதிய பக்கங்களுக்குக் கணக்கில்லை. விருந்தினர், பாதுகாப்பு, விசாரணை, தண்டனை என எல்லாம் பதிவாகியிருக்கிறது. ஆனால் அதற்கு முந்தைய நாள் அதே இடத்தில் மக்கள் எப்படி நடந்தார்கள், வண்டிகள் ஒன்றுக்கொன்று எப்படி வழிவிட்டன, தெருவைக் கடப்பவர் குதிரையை எவ்வளவு நெருங்கவிட்டார் என்பதையெல்லாம் யார் எழுதிவைத்தார்கள்? எழுதத் தோன்றாது, எல்லாருக்கும் தெரிந்ததை யாரும் எழுதுவதில்லை.

கொலை நடந்து ஓராண்டுகூட ஆகாத நிலையில் லூமியர் அங்கே கேமராவை வைத்தார். அவர் பதிவு செய்தது எழுதப்படாமல் போன அந்தப் பகுதியை. இது அவருடைய நோக்கமாக இருந்திருக்க வேண்டும் என்பதில்லை. தன் கருவி அசைவை எவ்வளவு துல்லியமாகப் பிடிக்கிறது என்று காட்டுவதே அவருக்கு முதன்மையாக இருந்திருக்கும். ஆனால் நோக்கம் எதுவாக இருந்தாலும் கண்ணாடி வில்லை எதிரில் இருந்த அனைத்தையும் வாங்கிக்கொண்டது. வரலாற்று மாணவருக்கு இன்று பயன்படுவது, எடுத்தவர் கவனிக்காமல் விட்ட அந்த மிச்சம்தான்.

எடுத்தது யார்? எப்போது?

எடுத்தவர் லூயி லூமியர். சினிமாட்டோகிராஃப் கருவிக்கான காப்புரிமை 1895 பிப்ரவரி 13 அன்று அவர் பெயரிலும் அண்ணன் அகுஸ்த் பெயரிலுமாகப் பெறப்பட்டது. அவர்களுடைய குடும்பத் தொழில் ஒளிப்படத் தகடு தயாரிப்பு. லியோன் நகரின் மோன்பிளெசிர் பகுதியில் தொழிற்சாலை இருந்தது. சதுக்கத்தின் படம் 1895 ஜூன் மாதத்தில் லியோனில் நடந்த பிரெஞ்சு ஒளிப்படச் சங்கங்களின் மாநாட்டில் காட்டப்பட்டது. ஆகவே அதற்கு முன்பே எடுக்கப்பட்டுவிட்டது. இதே மாநாட்டுக்கு வந்தவர்கள் படகிலிருந்து இறங்குவதையும் லூயி படம்பிடித்து, மறுநாளே அவர்களுக்குப் போட்டுக்காட்டினார்.

அந்த இடத்துக்கு ஏன் அந்தப் பெயர்?

இடுப்பில் கயிறு கட்டிய பிரான்சிஸ்கன் துறவிகளைப் பிரெஞ்சில் கோர்தெலியே என்பார்கள். அவர்களுடைய மடம் அங்கே இருந்தது. மடத்தைச் சேர்ந்த புனித பொனவெந்தூர் தேவாலயம் இன்றும் சதுக்கத்தில் நிற்கிறது. அந்தப் பெயருக்குரிய பொனவெந்தூர் 1274இல், திருச்சபையின் பொதுச்சங்கம் லியோனில் கூடியிருந்தபோது, அங்கேயே இறந்தவர்.

ஏன் சரியாக 50 விநாடி?

கருவிக்குள் கொள்ளும் படச்சுருளின் நீளம் அவ்வளவுதான். சுருள் ஏறத்தாழ 17 மீட்டர். அகலம் 35 மில்லிமீட்டர். கைப்பிடியை விநாடிக்கு இரண்டு சுற்று சுற்ற வேண்டும். ஒரு சுற்றுக்கு எட்டுச் சட்டகம் (தனித்தனி அசையாப் படம்) பதியும். அதாவது விநாடிக்கு 16 சட்டகம், 50 விநாடிக்கு 800 சட்டகம்.

சுருளை இழுக்கும் முறைதான் கண்டுபிடிப்பின் உயிர்நாடி. தையல் இயந்திரத்தில் துணி ஒரு தையல் நகரும், நிற்கும், ஊசி இறங்கும், மறுபடி நகரும். அதைப்போலவே இரண்டு சிறு கொக்கிகள் சுருளின் இரு ஓரங்களிலும் உள்ள வட்டத் துளைகளில் நுழைந்து, ஒரு சட்டகம் அளவு கீழே இழுத்துவிட்டு விலகிக்கொள்ளும். சுருள் அசையும் நேரத்தில் சுழலும் தட்டு ஒளியை மறைக்கும். நின்ற பிறகு ஒளி விழும். தூக்கமில்லாத ஓர் இரவில் இந்த யோசனை தோன்றியதாக லூயி பின்னாளில் சொல்லியிருக்கிறார். முதல் மாதிரியைச் செய்து கொடுத்தவர் அவர்களுடைய தலைமை இயந்திரப் பணியாளர் ஷார்ல் முவாசோன். இந்த ஒரே மரப்பெட்டி படம் பிடிக்கும், பிரிண்ட் போடும், விளக்கு சேர்த்தால் திரையில் காட்டவும் செய்யும். எடை ஏறத்தாழ 5 கிலோதான். எடிசன் கூடத்தின் கேமரா மின்சாரத்தில் ஓடும் பெரும் பாரம். தெருவுக்குத் தூக்கி வர இயலாது. ஆகவே அவர்கள் ஆட்களைத் தம் கூடத்துக்கு அழைத்துப் படமெடுத்தார்கள். லூமியர் தெருவுக்குப் போனார். லியோனின் சதுக்கம் நமக்குக் கிடைத்ததற்கும், அதே ஆண்டுகளின் அமெரிக்கப் படங்களில் கறுப்புத் திரைக்கு முன்னால் வித்தைக்காரர்கள் கிடைத்ததற்கும் காரணம் பெட்டியின் எடை.

இடத்தையும் கோணத்தையும் தேர்ந்தெடுத்தாரா, கண்ட இடத்தில் வைத்தாரா?

தேர்ந்தெடுத்தார் என்றே படம் சொல்கிறது. அந்தக் கேமராவில் காட்சிகாட்டி கிடையாது. படமெடுப்பதற்கு முன் பெட்டியைத் திறந்து, சட்டகம் விழும் இடத்தில் தலைகீழாகத் தெரியும் உருவத்தைப் பார்த்துக் கோணத்தை முடிவு செய்ய வேண்டும். மூடிய பிறகு, சுற்றிக்கொண்டிருப்பவருக்குத் தான் என்ன எடுக்கிறோம் என்பது தெரியாது. ஆகவே முன்கூட்டியே நன்றாக யோசித்தாக வேண்டும். லூயி நல்ல ஒளிப்படக்காரர். வண்டிகளை நேர் பக்கவாட்டில் வைத்து எடுத்திருந்தால் அவை இடமிருந்து வலம் போகும் பொம்மைகளாகத் தோன்றியிருக்கும். ஆழத்திலிருந்து முன்னோக்கி வரும்படி நின்றதால்தான் குதிரையின் தலை வளர்ந்துகொண்டே வருகிறது. பிற்பாடு, நிலையத்துக்கு ரயில் வருவதைக் காட்டும் அவருடைய படத்திலும் இதே முறையைக் காண்கிறோம்.

ஆட்களுக்கு ஒத்திகை கொடுக்கப்பட்டதா என்றும் சிலர் கேட்கிறார்கள். தொழிற்சாலைப் படத்தில் இருப்பவர்கள் லூமியரின் சொந்தத் தொழிலாளர்கள். அதை ஒரு முறைக்கு மேல் எடுத்தும் இருக்கிறார்கள். சதுக்கத்தில் அப்படிச் செய்வதற்கு வழியில்லை. அங்கே வந்து போனவர்கள் ஊர்மக்கள்.

சக்கரங்கள் சில இடங்களில் பின்னோக்கிச் சுழல்வதுபோல் தெரிகிறதே, படம் பழுதா?

பழுதில்லை. விநாடிக்கு 16 முறை மட்டுமே பார்க்கும் கருவி இப்படித்தான் பார்க்கும். ஒரு மீட்டர் விட்டமும் 12 ஆரக்காலும் உள்ள வண்டிச் சக்கரம் ஒன்றை எடுத்துக்கொள்வோம். அது விநாடிக்கு ஒரு சுற்று சுற்றினால் வண்டி மணிக்கு ஏறக்குறைய 11 கிலோமீட்டர் போகிறது. குதிரை துள்ளுநடை போடும் வேகம் அது. ஒரு விநாடியில் 12 ஆரக்கால்கள் ஒரு புள்ளியைக் கடக்கும். அதே விநாடியில் 16 சட்டகம் பதியும். எனவே ஒவ்வொரு சட்டகத்துக்கும் சக்கரம் ஆரக்கால்களின் இடைவெளியில் முக்கால் பங்கு முன்னே நகர்ந்திருக்கும். எல்லா ஆரக்கால்களும் ஒன்றுபோல இருப்பதால், நம் கண் அதைக் கால் பங்கு பின்னே போனதாக எடுத்துக்கொள்கிறது. குதிரை மெதுவாக நடந்தால் அதே சக்கரம் சரியாகவே சுழலும்.

பழைய படங்களில் எல்லாரும் விறுவிறுவென்று ஓடுகிறார்களே?

அவர்கள் ஓடவில்லை, நாம் ஓட்டுகிறோம். விநாடிக்கு 16 சட்டகமாக எடுத்ததை, பேசும்படக் காலத்து இயந்திரத்தில் 24 சட்டகமாக ஓட்டினால் 50 விநாடிப் படம் 33 விநாடியில் முடிந்துவிடும். தொலைக்காட்சியில் பல ஆண்டுகள் இப்படித்தான் காட்டினார்கள். அதனால் நம் பாட்டன் பூட்டன் காலத்து மனிதர்கள் கோமாளிகளைப்போல் துள்ளி நடந்தவர்கள் என்ற எண்ணம் தலைமுறை தலைமுறையாகப் படிந்துவிட்டது. இது எனக்கு உண்மையாகவே வருத்தம் தரும் செய்தி. சரியான வேகத்தில் ஓட்டிய பிரதியைப் பாருங்கள்: நிதானமாக நடக்கிறார்கள், வண்டிக்காக நிற்கிறார்கள், உடல் எடையோடு அடியெடுத்து வைக்கிறார்கள். கையால் சுற்றிய படம் என்பதால் வேகத்தில் சிறு ஏற்ற இறக்கம் இருக்கும், அது இருக்கட்டும்.

முதல் முறை பார்த்தவர்களுக்கு எப்படி இருந்தது?

1895 டிசம்பர் 28 அன்று, பாரிஸின் கப்யூசின் பெருந்தெருவிலுள்ள கிராண்ட் கஃபேயின் கீழ்த்தளக் கூடத்தில், ஒரு ஃபிராங்க் கட்டணத்தில் நடந்த முதல் காட்சிக்கு வந்து பணம் கொடுத்தவர்கள் 33 பேர். அழைக்கப்பட்டு வந்தவர்களில் மேடை வித்தைக்காரரான ஜார்ஜ் மெலியேயும் இருந்தார்; பிற்காலத்தில் நிலவுக்குப் போகும் படத்தை எடுத்தவர் அவர்தான். அன்றைய அனுபவத்தை அவர் நினைவுகூர்ந்திருக்கிறார். முதலில் திரையில் ஓர் அசையாத படம் விழுந்ததாம். இதைத்தான் பத்து வருடத்துக்கு மேலாக நாமும் காட்டிக்கொண்டிருக்கிறோமே, இதற்காகவா வரச் சொன்னார்கள் என்று அருகில் இருந்தவரிடம் அவர் சொல்லி முடிப்பதற்குள், சுமைவண்டி இழுத்த குதிரை ஒன்று அவர்களை நோக்கி நடக்கத் தொடங்கியது; அதன் பின்னால் வேறு வண்டிகள், பிறகு வழிப்போக்கர்கள், தெருவின் முழு நடமாட்டமும். வாயடைத்துப்போய் உட்கார்ந்திருந்தோம் என்கிறார்.

இதில் கவனிக்க வேண்டிய ஒன்று உண்டு. திரையில் கண்டது லியோனின் பெல்கூர் சதுக்கம் என்று மெலியே குறிப்பிடுகிறார். ஆனால் அன்றைய நிரலில் பெல்கூர் இல்லை, இருந்தது கோர்தெலியே. பாரிஸ்காரருக்கு லியோனின் பெரிய சதுக்கம் என்றால் பெல்கூர்தான் நினைவுக்கு வரும், ஆகவே பெயர் மாறிவிட்டது என்று கொள்வதே பொருத்தம். ரயிலைக் கண்டு மக்கள் அலறி ஓடினார்கள் என்ற கதையை எல்லாரும் சொல்கிறார்கள். அந்த முதல் நாள் நிரலில் ரயில் படமே கிடையாது. அன்று கூடத்தை வாயடைக்க வைத்ததாக, நேரில் இருந்த ஒருவர் சொல்லும் காட்சி, வண்டி இழுத்துக்கொண்டு நடந்து வந்த ஒரு குதிரை.

உலகில் முதன்முதலாகப் படமாக்கப்பட்ட தெரு இதுதானா?

இல்லை. இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் லூயி லெ பிரான்ஸ் என்பவர் 1888இலேயே பாலத்தின் மேல் போகும் வண்டிகளையும் மக்களையும் பதிவு செய்தார். பாலத்தை ஒட்டிய ஒரு கடையின் சன்னலிலிருந்து, காகிதச் சுருளில் எடுத்தது. அதில் இருபது சட்டகங்களே எஞ்சியுள்ளன. ஓட்டினால் ஓரிரு விநாடி. அதைப் பொதுமக்களுக்குத் திரையிடுவதற்கு முன்பே, 1890இல், பிரான்சின் திஜோனில் ரயில் ஏறிய லெ பிரான்ஸ் காணாமல் போனார். இன்றுவரை துப்புக் கிடைக்கவில்லை. முதல் என்ற பட்டம் அவருக்கே உரியது. பொதுமக்கள் திரையில் கண்டு திகைத்த சதுக்கம் என்ற வகையில் லியோன் படத்துக்குத் தனியிடம் உண்டு.

லியோனுக்குப் பிறகு சதுக்கங்கள் வரிசையாக வந்தன. லூமியரின் ஒளிப்பதிவாளர் பிரோமியோ 1896இல் மத்ரித்தின் புவெர்தா தெல் சோல் சதுக்கத்தை எடுத்தார். பெர்லினில் ஸ்க்லடனோவ்ஸ்கி சகோதரர்கள் அலெக்சாண்டர்பிளாட்ஸை எடுத்தார்கள். போன ஊரிலெல்லாம் தெருவை எடுத்து அந்த ஊர்க்காரர்களுக்கே காட்டினால் கூட்டம் சேரும் என்று லூமியரின் ஆட்கள் சீக்கிரமே கண்டுகொண்டார்கள். தன்னைத் திரையில் பார்க்கும் ஆசைக்கு டிக்கெட் விற்பது எளிது.

இந்தப் படம் இந்தியாவில் காட்டப்பட்டதா?

1896 ஜூலை 7 அன்று பம்பாயின் வாட்சன் ஹோட்டலில் லூமியரின் பிரதிநிதி மாரியுஸ் செஸ்தியே நடத்திய முதல் காட்சியில் ஆறு படங்கள் இருந்தன. ரயில் வருகை, கடல் குளியல், சுவர் இடிப்பு, தொழிற்சாலைப் படம் ஆகியவை அவற்றில் அடக்கம். கோர்தெலியே அந்த ஆறில் இல்லை.

வண்ணம் சேர்த்து, தெளிவாக்கி, ஒலியும் கூட்டிய பதிப்புகள் இணையத்தில் கிடைக்கின்றன. அவற்றைப் பார்ப்பதில் என்ன தவறு?

பார்ப்பதில் தவறில்லை. இவ்வகைப் படங்களுக்குள் பல இளைஞர்களை இழுத்து வந்தவை அந்தப் பதிப்புகளே என்பதை நான் மதிக்கிறேன். ஆனால் பார்ப்பது எது என்று தெரிந்து பார்க்க வேண்டும்.

கணக்கைப் பாருங்கள். மூலத்தில் உள்ளவை ஏறத்தாழ 800 சட்டகம். விநாடிக்கு 60 சட்டகமாக மாற்றினால் 50 விநாடிக்கு 3,000 வேண்டும். மீதி 2,200 சட்டகத்தைக் கணினி தானே ஊகித்து வரைகிறது. நான்கில் ஏறக்குறைய மூன்று பங்கு, 1895இல் எந்தக் கேமராவும் காணாதது. தெளிவாக்கும்போது, நெகட்டிவில் சில புள்ளிகளாக மட்டுமே பதிந்த தொலைதூர முகத்துக்குக் கணினி கண், மூக்கு, உதடு போட்டுவிடும். அப்படி ஒரு மனிதர் அங்கே இருந்தார். அந்த முகம் அவருடையது இல்லை. இல்லாத முகத்தை ஒருவருக்கு ஒட்டுவது, அவரை மங்கலாகவே விட்டுவைப்பதைவிட மரியாதைக் குறைவானது என்பது என் உறுதியான எண்ணம்.

வண்ணமும் அப்படியே. அக்காலப் படச்சுருள் நீலத்தை மிகுதியாகவும் சிவப்பை மிகக் குறைவாகவும் உணரும். அதனால்தான் இந்தப் படங்களில் வானம் வெள்ளைத்தாளாக இருக்கிறது. ஒரு செங்கருஞ்சால்வையும் கறுப்புக் கோட்டும் ஒரே கருமையில் விழுகின்றன. அந்தச் சாம்பல் நிறத்திலிருந்து அசல் நிறத்தை மீட்க எந்தக் கணக்காலும் இயலாது. எல்லாருக்கும் பழுப்பும் கருநீலமும் அடித்துவிட்டு, அந்தக் காலமே மங்கிய காலம் என்று நம்ப வைப்பதுதான் நடக்கிறது. குளம்பொலியும் கூட்டத்தின் இரைச்சலும் சேர்ப்பவர்கள், அவை தாம் சேர்த்தவை என்று ஒரு வரி எழுதினால் போதும். பலர் அதையும் எழுதுவதில்லை.

சதுக்கத்தில் நடந்தவர்களிடம் அனுமதி வாங்கினார்களா?

தெருவில் போவோரிடம் அனுமதி கேட்கும் வழக்கமே அப்போது இல்லை. முக்காலி மேல் நின்ற சிறு பெட்டி என்னவென்று வழிப்போக்கர்களுக்குத் தெரிந்திருக்க வாய்ப்பும் குறைவு. அசையும் படத்தைத் திரையில் கண்டவர் ஊரில் விரல்விட்டு எண்ணக்கூடிய சிலரே. சில ஆண்டுகளில் நிலைமை மாறிவிட்டது. இங்கிலாந்தில் மிட்செல், கென்யன் இருவரும் 1900களின் தொடக்கத்தில் எடுத்த தெருப்படங்களில் சிறுவர்கள் கேமரா முன் வந்து தொப்பியை ஆட்டுகிறார்கள். அன்று மாலை கொட்டகையில் தங்களைக் காணலாம் என்று அவர்களுக்குத் தெரியும். மிட்செல், கென்யன் இருவரின் நெகட்டிவ்கள் 1994இல் பிளாக்பர்ன் நகரின் ஒரு கடையின் அடித்தளத்தில், மூன்று உலோகப் பீப்பாய்களுக்குள் கிடைத்தன. லியோன் படத்தையும் இவற்றையும் அடுத்தடுத்துப் பார்ப்பவருக்கு, படமெடுக்கப்படுவதை அறியாத நடைக்கும் அறிந்த நடைக்கும் உள்ள வேறுபாடு கண்கூடாகத் தெரியும்.

இதைப் பகிரவோ பாடத்தில் பயன்படுத்தவோ உரிமைச் சிக்கல் உண்டா?

லூயி லூமியர் 1948இலும் அகுஸ்த் 1954இலும் மறைந்தார்கள். லூயி இறந்து 70 ஆண்டுகள் கடந்துவிட்டதால் மூலப்படம் பொதுவுடைமை. புதிதாகச் சேர்க்கப்பட்ட இசைக்கும், சில இடங்களில் புதுப்பித்த பிரதிக்கும் தனி உரிமை இருக்கலாம், எடுத்தாளுமுன் பார்த்துக்கொள்ளுங்கள். லூமியர் நிறுவனத்தின் சுமார் 1,400 படங்கள் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் 2005இல் சேர்க்கப்பட்டன.

இன்று அந்த இடத்துக்குப் போக முடியுமா?

எளிதாகப் போகலாம். லியோன் மெட்ரோவின் ஏ தடத்தில் கோர்தெலியே என்றே நிலையம் இருக்கிறது, 1978இல் திறக்கப்பட்டது. படியேறி வெளியே வந்தால் ஒரு பக்கம் புனித பொனவெந்தூர் தேவாலயம், எதிரில் வணிக மாளிகை. குதிரைகள் போன வழியில் பேருந்துகள் போகின்றன. மாளிகையை ஒட்டிய குடியரசுத் தெருவில் கார்னோ குத்தப்பட்ட இடத்தைச் சிவப்புக் கல் ஒன்று குறிக்கிறது. கைப்பேசியில் படத்தைச் சரியான வேகத்தில் ஓட விட்டுக்கொண்டு, நடைபாதையோரம் ஒரு ஐம்பது விநாடி நில்லுங்கள். யாரும் உங்களை ஏறெடுத்துப் பார்க்க மாட்டார்கள். பிறகு டி தடத்தில் மோன்பிளெசிர்-லூமியர் நிலையத்தில் இறங்கினால், தொழிலாளர்கள் வெளியேறிய தொழிற்சாலைக் கொட்டகையின் ஒரு பகுதியை லூமியர் நிறுவன அருங்காட்சியகத்தில் இன்றும் காணலாம். அந்தத் தெருவுக்கு இப்போது முதல் படத் தெரு என்று பெயர்.